பயனர் பெயரும் நிலையும்

க.பொ.த. (சா/த) – தகவல் தொடர்பாடல் தொழினுட்பவியல்

மாணவர்களே, டிஸ்கோர்ட் என்பது கணினி விளையாட்டில் ஈடுபடுவோர் எழுத்திலும் குரலிலும் உரையாடுவதற்காக 2015இல் தொடங்கப்பட்ட தளமாகும். 13 வயது நிரம்பியவர்களே இதில் கணக்குத் திறக்கலாம்.

நினைவிற் கொள்க:

1. பயனர் பெயர் – ஒருவருக்கு மட்டுமே உரியது. 2 முதல் 32 வரையான ஆங்கிலச் சிற்றெழுத்துகள், இலக்கங்கள், புள்ளி, அடிக்கோடு என்பவற்றால் அமையும். இதை மாற்றக் கடவுச்சொல் தேவை.
2. காட்சிப் பெயர் – தமிழிலும் எழுதலாம். பலருக்கு ஒரே பெயர் இருக்கலாம்.
3. நிலை – இணைப்பில், செயலற்று, தொந்தரவு செய்யாதீர், மறைவாக என நான்கு வகைப்படும். இவற்றோடு சொந்த வாசகமும் எழுதலாம்.

மாதிரி வினா:
ஹட்டனைச் சேர்ந்த மாணவி ஒருவர் தனது பெயர், தோட்டத்தின் பெயர், பிறந்த ஆண்டு என்பவற்றைச் சேர்த்துப் பயனர் பெயர் அமைத்தார். நிலையில், "அம்மா கொழுந்து பறிக்கப் போய்விட்டார், லயத்தில் நான் தனியே" என எழுதினார். இவர் விட்ட தவறுகள் யாவை? இப்போது செய்ய வேண்டியது என்ன?

விடை:
(அ) தோட்டத்தில் எல்லோரும் ஒருவரையொருவர் அறிவர். எனவே அப்பெயரைக் கொண்டு வீட்டையே கண்டுபிடிக்கலாம்.
(ஆ) தனியே இருப்பதை அந்நியருக்கும் அறிவித்துவிட்டார்.
(இ) இரண்டையும் உடனே மாற்ற வேண்டும். ஆயினும் முன்னர் பார்த்தவர்கள் அறிந்ததை அழிக்க முடியாது. ஆகவே பெற்றோரிடமோ ஆசிரியரிடமோ கூற வேண்டும்.