கண்ணுக்குப் புலனாகாக் குலைகள்

நுழையும்முன்

கண்ணிமையின் ஓரத்தில் சிவந்து வீங்கும் கண்கட்டியையும், பிடரியிலும் முதுகிலும் எழுந்து பழுத்து உடையும் சீழ்க்கட்டிகளையும் அறியாதவர் இலர். அவற்றுள் பெரும்பாலானவற்றுக்குக் காரணமான நுண்ணுயிரி, குருதியில் புகுந்தால் உயிரையும் பறிக்கவல்லது. அதனைப் போன்றே தோற்றமளிக்கும் அதன் உறவினங்கள் பலவோ மனிதத் தோலில் ஊறு செய்யாமல் வாழ்கின்றன. உருவத்தால் ஒன்றான இவற்றைப் பிரித்தறிய அறிவியலாளர் மேற்கொண்ட முயற்சிகளை இப்பாடம் எடுத்துரைக்கிறது.

சீழில் தோன்றிய குலை

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அறுவை மருத்துவம் செய்துகொண்டோருள் பலர், அறுவையைத் தாங்கியும், அதன்பின் புண்ணில் பிடித்த சீழினால் இறந்தனர். காயம் ஆறுவதற்குச் சீழ் பிடித்தல் தேவை என நம்பிய மருத்துவர்களும் அக்காலத்தில் இருந்தனர். கார்பாலிக் அமிலத்தால் புண்ணைத் தூய்மை செய்யும் முறையை ஜோசப் லிஸ்டர் 1867ஆம் ஆண்டு வெளியிட்டபின், அந்நம்பிக்கை ஆட்டம் கண்டது. கிருமியே சீழுக்குக் காரணம் என்றால், அக்கிருமி எது என்னும் வினா எஞ்சியது.

ஸ்காட்லாந்தின் அபர்டீன் நகரில் அறுவை மருத்துவராக இருந்த அலெக்சாண்டர் ஆக்ஸ்டன் அவ்வினாவைக் கையில் எடுத்தார். நோயாளி ஒருவரின் காலில் இருந்த, வாய் திறவாத கட்டியைக் கீறிச் சீழை எடுத்தார். அதற்குச் சாயமேற்றி நுண்ணோக்கியின்கீழ் வைத்தார். மணிமணியான சிறு கோளங்கள் சில இடங்களில் சரமாகவும் சில இடங்களில் குலையாகவும் தெரிந்தன. வெளிக்காற்றுப் படாத கட்டிக்குள்ளேயே அவை இருந்தமை அவரை வியப்பில் ஆழ்த்தியது.

கண்டதோடு அவர் நிறைவு அடையவில்லை. வீட்டின் பின்புறம் அமைத்த சிறிய ஆய்வகத்தில், கோழிமுட்டைக்குள் அந்நுண்ணுயிரிகளை வளர்த்தார். வளர்ந்தவற்றை எலி முதலிய விலங்குகளின் உடலில் செலுத்தினார். அங்கும் சீழ்க்கட்டிகள் எழுந்தன. வெப்பமும் சிவப்பும் இன்றி நாட்பட வளரும் கட்டிகளின் சீழில் அக்கோளங்கள் தென்படவில்லை என்பதையும் அவர் தவறாமல் பதிவு செய்தார். இல்லாத இடத்தையும் தேடிப் பார்த்த இந்த நேர்மையே அவரது ஆய்வுக்கு வலுச் சேர்த்தது. 1880ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் பெர்லின் நகரில் கூடிய ஜெர்மானிய அறுவை மருத்துவர் மாநாட்டில் தம் முடிவுகளை அவர் முன்வைத்தார்.

சரமாக அமைந்த கோளங்களைக் குறிக்க ‘ஸ்ட்ரெப்டோகாக்கஸ்’ என்னும் பெயரைத் தியோடர் பில்ரோத் 1874ஆம் ஆண்டிலேயே வழங்கியிருந்தார். குலையாக அமைந்தவற்றுக்கு 1882இல் ஆக்ஸ்டன் ‘ஸ்டெஃபைலோகாக்கஸ்’ எனப் பெயரிட்டார். கிரேக்க மொழியில் ‘ஸ்டெஃபைலே’ என்பது திராட்சைக் குலையையும், ‘காக்கஸ்’ என்பதன் மூலச்சொல் மணியையும் குறிக்கும்.

குலை உருவாகும் விதம்

ஸ்டெஃபைலோகாக்கஸின் ஒரு செல் ஏறத்தாழ ஒரு மைக்ரோமீட்டர் விட்டமுடையது. ஆயிரம் செல்களை வரிசையாக ஒட்டி வைத்தால் ஒரு மில்லிமீட்டர் நீளமே கிடைக்கும். இது தானே நகர்வதில்லை; கசையிழை இதற்கு இல்லை. சில பாக்டீரியாக்களைப் போல வறட்சியைக் கடக்கும் உள்வித்துகளையும் இது உருவாக்குவதில்லை. எனினும், உலர்ந்த துணியிலும் தூசியிலும் பல நாள்கள் உயிரோடு இருக்கும் உறுதி இதற்கு உண்டு.

ஒரு கோளம் சரமாவதும் குலையாவதும் அது எத்திசையில் பிளவுறுகிறது என்பதைப் பொறுத்தது. ஸ்ட்ரெப்டோகாக்கஸ் எப்போதும் ஒரே திசையில் பிளவுறுவதால், சேய்ச்செல்கள் பாசிமணி கோத்தாற்போல நீள்கின்றன. ஸ்டெஃபைலோகாக்கஸோ ஒரு முறை பிளந்த தளத்திற்குச் செங்குத்தான வேறொரு தளத்தில் அடுத்த முறை பிளக்கிறது. இவ்வாறு ஒன்றுக்கொன்று செங்குத்தான மூன்று தளங்களில் பிளவு மாறிமாறி நிகழ்வதை 1977ஆம் ஆண்டில் வெளிவந்த ஆய்வு காட்டியது.

மூன்று தளங்களில் ஒழுங்காகப் பிளந்தால் எட்டுச் செல்கள் கொண்ட கனசதுரம் அல்லவா உருவாக வேண்டும் என்னும் ஐயம் எழுதல் இயல்பே. சார்சினா என்னும் பாக்டீரியா அவ்வாறே கனசதுரக் கட்டுகளாக அமைகிறது. ஸ்டெஃபைலோகாக்கஸில் சேய்ச்செல்கள் பிரியும் முறை வேறுபட்டது. பிளவு முடிந்ததும் இரு செல்களுக்கும் இடையேயுள்ள சுவர், அழுத்தம் தாங்காத கலம் விரிசல் விடுவதுபோல, ஒரு நொடியின் ஆயிரத்தில் சில பங்கு நேரத்தில் திறந்துகொள்கிறது. ஆயினும் செல்கள் முழுதும் விலகிவிடாமல், விளிம்பில் ஒரு புள்ளியில் கதவின் கீல்போல ஒட்டிக்கொண்டு சாய்ந்து நிற்கின்றன. சாய்ந்த செல்கள் மீண்டும் பிளவுறும்போது ஒழுங்கு குலைந்து, கொத்துத் தோன்றுகிறது.

சுவரின் கட்டுமானம்

1884ஆம் ஆண்டு, பெர்லினில் பணியாற்றிய டென்மார்க் நாட்டு மருத்துவர் ஹான்ஸ் கிறிஸ்டியன் கிராம் ஒரு சாயமேற்றும் முறையை வெளியிட்டார். படிக ஊதாச் சாயத்தையும் அயோடினையும் இட்டு ஆல்கஹாலால் கழுவினால், சில பாக்டீரியாக்கள் ஊதா நிறத்தை இழந்தன, சில இழக்கவில்லை. ஸ்டெஃபைலோகாக்கஸ் இரண்டாம் வகை. இவ்வகையைக் ‘கிராம் நேர்’ என்பர். இவ்வேறுபாட்டின் காரணம் கிராமுக்கே தெரியாது. அது செல்சுவரில் இருந்தது என்பது பின்னரே விளங்கிற்று.

கிராம் நேர் பாக்டீரியாவின் சுவர் பெப்டிடோகிளைக்கான் என்னும் பொருளால் ஆன, பல அடுக்குகள் கொண்ட தடித்த வலை ஆகும். இருவகைச் சர்க்கரை மூலக்கூறுகள் மாறிமாறி இணைந்த நீண்ட இழைகள் அவ்வலையின் பாவு எனில், அவற்றைக் குறுக்கே பிணைக்கும் சிறு அமினோ அமிலத் தொடர்கள் அதன் ஊடை எனலாம். ஸ்டெஃபைலோகாக்கஸ் ஆரியஸில் அக்குறுக்குப் பிணைப்பு ஐந்து கிளைசின்களால் ஆன பாலமாக அமைந்துள்ளது. இப்பாலம் நீண்டும் நெகிழ்ந்தும் இருப்பதால் வலை மிக நெருக்கமாகப் பின்னப்படுகிறது. இதே பேரினத்தைச் சேர்ந்த ஸ்டெஃபைலோகாக்கஸ் சிமுலன்ஸின் ஒரு வகை, இக்கிளைசின் பாலத்தை மட்டும் குறிவைத்து வெட்டும் லைசோஸ்டாஃபின் என்னும் நொதியைச் சுரக்கிறது. உறவினத்தின் சுவரில் எந்தக் கல்லைப் பெயர்த்தால் வீடு சரியும் என்பதை அது அறிந்து வைத்திருக்கிறது போலும்!

கண்ணீரிலும் உமிழ்நீரிலும் உள்ள லைசோசைம் என்னும் நொதி பல பாக்டீரியாக்களின் சுவரை அரித்துவிடும். ஆரியஸ் தன் சுவரின் சர்க்கரையில் ஒரு சிறு வேதி மாற்றம் செய்து அதற்கும் தப்புகிறது. வலையினூடே டெய்க்காயிக் அமில இழைகள் வெளிநோக்கி நீண்டு, மூக்கின் உட்பரப்பில் பற்றிக்கொள்ளத் துணைசெய்கின்றன. சுவரின் மேல் ‘புரதம் ஏ’ என்னும் புரதம் பதிந்துள்ளது. எதிர்ப்பொருள் என்னும் காவல் மூலக்கூறு பகைவனைத் தன் கைகளால் பற்றி, வால்பகுதியை வெள்ளணுவுக்கு நீட்டுவதே இயல்பான முறை. புரதம் ஏ அவ்வால்பகுதியைப் பிடித்து, காவலனைத் தலைகீழாக நிறுத்திவிடுகிறது.

தெரிந்து தெளிவோம்

1928ஆம் ஆண்டு, இலண்டன் செயின்ட் மேரி மருத்துவமனையில் பணியாற்றிய அலெக்சாண்டர் ஃபிளெமிங், பாக்டீரியவியல் நூல் ஒன்றுக்காக ஸ்டெஃபைலோகாக்கஸ் பற்றிய இயலை எழுத வேண்டியிருந்தது. அதன் வளர்ப்புத் திட்டுகள் நிறம் மாறும் எனப் பிற ஆய்வாளர் கூறியதைச் சோதிக்க, வளர்ப்புத் தட்டுகளை மேசைமேல் விட்டிருந்தார். விடுமுறை முடிந்து திரும்பியபோது, ஒரு தட்டில் விழுந்து வளர்ந்த பூஞ்சையைச் சுற்றிலும் பாக்டீரியாக்கள் கரைந்துபோயிருந்தன. பெனிசிலின் கண்டறியப்பட்டது இவ்வாறே. அம்மருந்து செல்சுவரின் குறுக்குப் பிணைப்பைத் தடுக்கிறது.

பொன்னும் வெள்ளியும்

ஜெர்மானிய அறுவை மருத்துவர் ஃபிரெட்ரிக் ரோசன்பாக் 1884இல் இக்குலைகளைத் தூய வளர்ப்பாகப் பெற்றார். சில வளர்ப்புத் திட்டுகள் பொன்னிறமாகவும் சில வெண்ணிறமாகவும் இருந்தன. முன்னதை ‘ஆரியஸ்’ என்றும், பின்னதை ‘ஆல்பஸ்’ என்றும் பெயரிட்டார். இலத்தீன் மொழியில் அவை முறையே பொன்னிறத்தையும் வெண்மையையும் குறிப்பன. ஆல்பஸ் என்பது பிற்காலத்தில் எபிடெர்மிடிஸ் எனப் பெயர் மாற்றம் பெற்றது.

நிறத்தை வைத்து வகைப்படுத்துதல் எளிது, ஆனால் நம்பத்தக்கதன்று. பொன்னிறமே தோன்றாத ஆரியஸ் வகைகள் உண்டு. வெப்பநிலையும் ஊடகமும் மாறினால் நிறமும் மாறும். எனினும் அந்நிறம் வெறும் அணி அன்று. கேரட்டின் நிறமியை ஒத்த கரோட்டினாய்டு வகையைச் சேர்ந்த ஸ்டெஃபைலோசாந்தின் என்னும் நிறமியே அது. வெள்ளணுக்கள் கிருமியைக் கொல்ல உமிழும் ஆக்சிஜனேற்றப் பொருள்களை அந்நிறமி முறிக்கிறது என்பதை 2005ஆம் ஆண்டு ஆய்வு மெய்ப்பித்தது. ரோசன்பாக் அடையாளமாகக் கொண்டது ஒரு கவசத்தின் நிறத்தை! 2015இல், ஆரியஸை மிக நெருங்கியும் இந்நிறமியை உருவாக்க இயலாததுமான ஓர் இனம் தனிச் சிற்றினமாக அறிவிக்கப்பட்டது. அதற்கு இட்ட பெயர் ‘அர்ஜென்டியஸ்’, அதாவது வெள்ளிநிறத்தது.

குருதிக் குப்பியில் ஒரு வினா

காய்ச்சலோடு மருத்துவமனையில் சேர்க்கப்பட்ட ஒருவரின் குருதி, வளர்ப்புக் குப்பியில் இடப்படுகிறது. மறுநாள் அதில் கிராம் நேர் கோளங்கள் குலையாகத் தெரிகின்றன. அது ஆரியஸ் எனில், உடனே மருந்து தொடங்கி, குறைந்தது இரு வாரங்கள் தொடர வேண்டும். இதய வால்வில் பற்றியுள்ளதா எனவும் பார்க்க வேண்டும். எபிடெர்மிடிஸ் எனில், ஊசி குத்தியபோது தோலிலிருந்து ஒட்டிவந்ததாகவே அது பெரும்பாலும் இருக்கும். முன்னதைப் பின்னதாகக் கொண்டால் நோயாளி இறக்கலாம். பின்னதை முன்னதாகக் கொண்டால் தேவையற்ற மருந்து அவர் உடலில் ஏறும். நுண்ணோக்கியில் இரண்டும் ஒன்றே.

முதலில் ஒரு துளி ஹைட்ரஜன் பெராக்சைடு இடப்படுகிறது. நுரைத்துப் பொங்கினால் கேட்டலேஸ் நொதி உண்டு. அது ஸ்டெஃபைலோகாக்கஸின் இயல்பு, ஸ்ட்ரெப்டோகாக்கஸிடம் இல்லாதது. ஏழரை விழுக்காடு உப்பும் மேனிட்டால் சர்க்கரையும் கலந்த அகாரில் பிற பாக்டீரியாக்கள் பெரும்பாலும் வாடிவிட, ஸ்டெஃபைலோகாக்கஸ் தழைக்கிறது. ஆரியஸ் மேனிட்டாலை அமிலமாக்கி ஊடகத்தின் செந்நிறத்தை மஞ்சளாக்குகிறது. வியர்வையின் உப்பில் வாழப் பழகிய உயிரிக்கு இது புதிதன்று.

இவற்றினும் சிறந்தது கோயாகுலேஸ் சோதனை. முயலின் பிளாஸ்மாவில் ஆரியஸைக் கலந்து உடல்வெப்பத்தில் வைத்தால், சில மணி நேரத்தில் அது தயிர்போல் உறைகிறது. குருதியின் புரோத்ராம்பினோடு கோயாகுலேஸ் இணைந்து ஃபைபிரின் இழைகளை உண்டாக்குவதே காரணம். அவ்விழைகளைத் தன்னைச் சுற்றி வேலியாக்கிக்கொண்டு ஆரியஸ் வெள்ளணுக்களிடமிருந்து மறைகிறது. இச்சோதனையால் பேரினமே கோயாகுலேஸ் நேர், கோயாகுலேஸ் எதிர் என இரு பிரிவாயிற்று.

எதிர்ப் பிரிவைச் சேர்ந்தவை எல்லாம் தீங்கற்றவை எனக் கொள்வதும் பிழையே. எபிடெர்மிடிஸ் செயற்கை வால்விலும் வடிகுழாயிலும் வழவழப்பான உயிர்ப்படலம் அமைத்து, மருந்து எட்டாதவாறு தங்கிவிடும். சாப்ரோஃபைட்டிகஸ் இளம்பெண்களுக்குச் சிறுநீர்ப் பாதைத் தொற்றைத் தரும். நோவோபயோசின் மருந்துக்கு அது பணியாமையே அதன் அடையாளம். 1988இல் விவரிக்கப்பட்ட லக்டுனென்சிஸ் குழாய்ச் சோதனையில் பிளாஸ்மாவை உறையச் செய்வதில்லை. ஆயினும் இதய வால்வை ஆரியஸைப் போலவே சிதைக்கிறது.

குடும்பம் மாறிய கதை

நெடுங்காலம் ஸ்டெஃபைலோகாக்கஸும் மைக்ரோகாக்கஸும் ஒரே குடும்பத்தில் வைக்கப்பட்டிருந்தன. இரண்டும் கோளம், இரண்டும் கிராம் நேர், இரண்டும் கேட்டலேஸ் உடையவை. ஆக்சிஜன் இன்றியும் வளரும் ஆற்றல் முன்னதற்கு மட்டும் உண்டு என்பது ஐயத்தை எழுப்பியது. 1960களில் டி.என்.ஏ.வின் வேதிக்கூறுகள் அளக்கப்பட்டபோது ஐயம் தீர்ந்தது. குவானைன், சைட்டோசின் ஆகியவற்றின் பங்கு ஸ்டெஃபைலோகாக்கஸில் 30 முதல் 39 விழுக்காடு. மைக்ரோகாக்கஸில் 60 விழுக்காட்டுக்கும் மேல். இத்துணை வேறுபட்டவை உடன்பிறப்புகளாக இருத்தல் இயலாது. ஸ்டெஃபைலோகாக்கஸ் இன்று தன் பெயராலேயே அமைந்த ஸ்டெஃபைலோகாக்கேசியே குடும்பத்தில் உள்ளது.

1975இல் கார்ல் ஷ்லைஃபர், வெஸ்லி குளூஸ் ஆகியோர் மனிதத் தோலிலிருந்து புதிய சிற்றினங்கள் பலவற்றை விவரித்தனர். இரண்டு மூன்றாக இருந்த சிற்றினங்கள் இன்று ஐம்பதுக்கு மேல் பெருகிவிட்டன. 2020ஆம் ஆண்டில், மரபுத்தொகுதிகளை முழுமையாக ஒப்பிட்டு, சியூரி உள்ளிட்ட ஐந்து சிற்றினங்கள் மேமாலிகாக்கஸ் என்னும் புதிய பேரினத்திற்கு மாற்றப்பட்டன.

வெளியேறிய இவ்வைந்தும் பெரும்பாலும் விலங்குகளைச் சார்ந்து வாழ்பவை. மனிதருக்கு அரிதாகவே நோய் தருபவை. ஆனால், 1959இல் அறிமுகமான மெத்திசிலின் மருந்தை எதிர்க்கும் ஆரியஸ் 1961இலேயே இங்கிலாந்தில் அறியப்பட்டது. அவ்வெதிர்ப்பை நல்கும் ‘மெக்-ஏ’ மரபணு, இவ்விலங்குவாழ் உறவினங்களின் முன்னோரிடமிருந்து வந்தது என்பதே மரபணு ஒப்பீடுகள் சுட்டும் செய்தி. அம்மரபணு உருவாக்கும் புரதம், பெனிசிலின் வகை மருந்துகள் பற்ற இயலாத வடிவில் அமைந்து, தடையின்றிச் செல்சுவரைப் பின்னிக்கொண்டே இருக்கிறது.