படைத்தவன் தந்த முடி

 

சென்ற மாதம் ஒரு தாய் தம் பன்னிரண்டு வயது மகளுடன் வந்தார். “ஹஜரத்! இவளுக்குச் சுருட்டை முடி, படியவே மாட்டேங்குது. நிறமும் கம்மி. பெருநாளைக்குக்கூட சொந்தக்காரங்க வீட்டுக்கு வரமாட்டேங்குறா. ஏதாவது எண்ணெய் ஓதித் தாங்க” என்றார். பிள்ளை முக்காட்டை நெற்றிவரை இழுத்துவிட்டு நின்றாள்.

“யாரம்மா உன்னைக் கேலி செய்தது?” என்று கேட்டேன்.

“வீட்டுல எல்லாரும் சுருட்டச்சின்னுதான் கூப்பிடுவாங்க” என்றாள்.

நோய் எங்கே என்பது விளங்கிவிட்டது. அவளுக்குச் சொன்னதை உங்களுக்கும் சொல்கிறேன்.

தாபியீன்களில் அதா இப்னு அபீ ரபாஹ் (ரஹ்) என்று ஒரு பேரறிஞர் இருந்தார். கறுப்பு நிறம், சப்பை மூக்கு, ஒரு கண்ணில் பார்வையில்லை, கால் ஊனம். அவருடைய முடியை மிளகுபோல் சுருண்டது என்றே வரலாற்று நூல்கள் வர்ணிக்கின்றன. அவர்தான் மக்காவின் முஃப்தி! கலீபா சுலைமான் தம் இரு மைந்தர்களுடன் வந்து, அவர் தொழுது முடிக்கும்வரை காத்திருந்து, ஹஜ்ஜின் சட்டங்களைக் கேட்டறிந்தார் என்பர். ஹிஜ்ரி 114 அல்லது 115-ல் அதா வபாத்தானார். இன்றும் ஃபிக்ஹு நூல்களில் அவர் பெயர் வாழ்கிறது.

அப்படியானால் தலையைக் கவனிக்காமல் விட்டுவிடலாமா? கூடாது. முடியுள்ளவர் அதைக் கண்ணியப்படுத்தட்டும் என்பது பெருமானார் (ஸல்) அவர்களின் கட்டளை. எண்ணெய் தடவுவதும் சீவுவதும் சுன்னத்து. ஆனால் பிறர் முடியை ஒட்டவைப்பதை நபியவர்கள் தடுத்தார்கள். நோயால் முடி உதிர்ந்த மணப்பெண்ணுக்காக அவள் தாய் வந்து கேட்டபோதும் அனுமதிக்கவில்லை. உள்ளதைப் பேணுவது நன்றி. உள்ளதை வெறுப்பது நன்றிகேடு.

பிள்ளைகளுக்கு அந்த வெறுப்பை ஊட்டுபவர்கள் யார்? பெரும்பாலும் நாம்தான்! பட்டப்பெயர் சூட்டி அழைப்பதை அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் 11-ஆம் வசனம் தடை செய்கிறது. வீட்டுக்குள் செல்லமாகச் சொன்னோம் என்பது சாக்காகாது. கேட்கும் பிள்ளையின் மனம் புண்படுகிறதே!

நான் எண்ணெய் ஓதிக் கொடுக்கவில்லை. தாயிடம் ஒன்று மட்டும் சொன்னேன்: “இன்றிரவு நீங்களே எண்ணெய் தேய்த்து, வலிக்காமல் சிக்கெடுத்துச் சீவிவிடுங்கள். இனி அவளை அவள் பெயராலேயே அழையுங்கள்.”

அந்தத் தாய் அழுதுவிட்டார். மகள் முக்காட்டைச் சற்று மேலே தள்ளி உம்மாவின் முகத்தைப் பார்த்தாள்.

நம் உருவத்தை அழகாக அமைத்த வல்ல அல்லாஹ், நம் குணத்தையும் நாவையும் அழகாக்குவானாக! ஆமீன்.