மூங்கில் காட்டில் ஒரு சண்டை

ஜூரோங்கில், காரில் அமர்ந்தபடியே படம் பார்க்கும் திறந்தவெளித் திரையரங்கு 1971ஆம் ஆண்டில் திறக்கப்பட்டது. சீனத் தற்காப்புக் கலைப் படங்களுக்குச் சிங்கப்பூரில் நல்ல வரவேற்பு இருந்த காலம் அது. அத்தகைய படங்களுக்குப் புதுமெருகு ஊட்டியவர்களுள் ஒருவர் இயக்குநர் கிங் ஹூ.

பெய்ஜிங்கில் பிறந்த அவர், இளம் வயதில் ஹாங்காங் சென்றார். அங்குப் படங்களுக்கு அரங்கம் அமைத்தார், நடிக்கவும் செய்தார். சிங்கப்பூரில் தொழிலை வளர்த்த ஷா சகோதரர்களின் நிறுவனத்திற்காக, 1966இல் ‘கம் டிரிங்க் வித் மீ’ என்ற படத்தை இயக்கினார். நடனம் பயின்ற செங் பெய் பெய் அதில் வாள்வீராங்கனையாக நடித்தார். பெய்ஜிங் இசை நாடகத்தின் தாளத்தையும் அசைவுகளையும் கிங் ஹூ சண்டைக் காட்சிகளில் புகுத்தினார்.

பின்னர், தைவானில் ‘எ டச் ஆஃப் ஜென்’ படத்திற்காகச் சில ஆண்டுகள் உழைத்தார். மூங்கில் காட்டுச் சண்டையைப் படமாக்க மட்டும் ஏறக்குறைய 25 நாள்கள் ஆயின. எனினும், படம் வசூலில் தோல்வியடைந்தது. அத்துடன் அதன் கதை முடிந்துவிடவில்லை. 1975இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் அது தொழில்நுட்ப விருதை வென்றது. அன்று அரங்கு நிறையாத அந்தப் படத்தை இன்றைய இயக்குநர்கள் பாடமாகப் பார்க்கிறார்கள்.