அழுத்தமும் ஒரு மருந்து

ஐயம்பேட்டையில் வாழ்நாளெல்லாம் குழித்தறியில் அமர்ந்து பட்டு நெய்தவர் என் தாய்மாமன். காலைக் குழிக்குள் தொங்கவிட்டுப் பொழுது சாயும்வரை இருந்த இடத்தை விட்டு எழாமல் தொழில் செய்த அவருக்கு, கணுக்காலின் உட்பக்கத்தில் தோல் கறுத்து, அரிப்பெடுத்து, பின்னர் புண்ணாகி, மாதக்கணக்கில் நீர் கசிந்துகொண்டிருந்தபோது, களிம்புகளும் மாத்திரைகளும் ஒன்றன்பின் ஒன்றாக வந்துபோயினவேயன்றிப் புண் மூடவில்லை. நரம்பு சுருண்டதால் வந்த புண் இது, காலை அழுத்திக் கட்டாமல் ஆறாது என்று வைத்தியர் சொன்ன நாள்முதல் அப்பொறுப்பு என்னுடையதாயிற்று. அதில் நான் கற்றவை இதே உபாதையுள்ள குடும்பங்களுக்குப் பிரயோஜனப்படும் என்று நம்பி எழுதுகிறேன்.

காலிலிருந்து இருதயத்துக்குத் திரும்பும் ரத்தத்தைக் கெண்டைச் சதை பிழிந்து மேலே அனுப்ப, சிரைகளுக்குள் உள்ள சிறு வால்வுகள் அது கீழிறங்காமல் தடுக்கின்றன. அவ்வால்வுகள் பழுதுபட்டால் ரத்தம் கணுக்காலில் தேங்கி, நீர் ஊறி, தோல் நலிந்து, அற்பக் கீறலும் ஆறாத புண்ணாகிவிடுகிறது. அமெரிக்காவின் டொலீடோ நகரில் வாழ்ந்த கான்ராட் ஜாப்ஸ்ட் என்ற இன்ஜினீயர், தாமும் இவ்வியாதியால் வருந்தியவர், நீச்சல் குளத்தில் நிற்கும்போது மட்டும் வலி தணிவதைக் கவனித்தார். ஆழம் கூடக் கூட நீரின் அழுத்தமும் கூடுவதால், நிற்பவரின் கணுக்காலில் அழுத்தம் மிகுந்தும் மேலே செல்லச் செல்லக் குறைந்தும் இருக்கிறது என்பதை உணர்ந்து, 1950-ஐ ஒட்டிய ஆண்டுகளில் அதே விதமாக அழுத்தும் காலுறையை அவர் உருவாக்கினார். இன்று கடைகளில் கிடைக்கும் ஸ்டாக்கிங்குகளின் சூத்திரம் அதுவே.

ஆனால் கட்டுவதற்கு முன் செய்யவேண்டிய காரியம் ஒன்று உண்டு. அதைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். காலுக்கு ரத்தம் கொண்டுவரும் தமனியே அடைபட்டிருப்பவருக்கு, முக்கியமாகச் சர்க்கரை நோயாளிக்கும் புகைபிடிப்பவருக்கும், இறுக்கிய கட்டு விரல்களையே கறுக்கச் செய்து காலுக்கே ஆபத்தாக முடியும். மாமாவுக்கு டாப்ளர் கருவியால் கணுக்காலின் ரத்த அழுத்தத்தை அளந்து, கையின் அழுத்தத்தோடு ஒப்பிட்டார்கள். அந்த விகிதம் 1-ஐ ஒட்டியிருந்தால் நலம், 0.8-க்குக் கீழே இறங்கினால் முழு அழுத்தம் கொடுக்கத் தயங்குவார்கள், 0.5-க்கும் கீழானால் கட்டவே கூடாது. இருதயம் பலவீனமாகி மூச்சு வாங்குகிறவர்களுக்கும் வைத்தியரின் அனுமதியின்றிக் கட்டலாகாது.

புண் ஆறுவதற்குக் கணுக்காலில் ஏறத்தாழ 40 மில்லிமீட்டர் பாதரச அளவு அழுத்தம் வேண்டும் என்றார்கள். அதைக் கையால் எப்படி அறிவது என்று நான் மலைத்தபோது கட்டுப் போடும் நர்ஸ் அம்மாள், "மேலே போகப் போக நீங்களா தளர்த்த வேண்டாம் தம்பி, ஒரே இழுப்பா இழுங்க, கணுக்கால் மெலிசு, கெண்டை பருமன், அழுத்தம் தானா குறைஞ்சிடும்" என்றார். மாமா அதைக் கேட்டதும், பாவு முழுதும் ஒரே விறைப்பாக இருக்கவேண்டியது போலத்தானே என்று சொல்லி, துணிச் சுருளைத் தாமே வாங்கிக்கொண்டார். அன்றுமுதல் இழுப்பின் அளவை அவர் விரல்களே சொல்லித்தந்தன.

காலையில் கண் விழித்ததும், பாதத்தைத் தரையில் ஊன்றுவதற்கு முன்பே கட்டவேண்டும். எழுந்து நடமாடிவிட்டால் வீக்கம் ஏறிவிடும். எலும்பு துருத்தும் இடங்களில் பஞ்சு வைத்து, விரல்களின் அடியில் தொடங்கி, குதிகாலைத் திறந்துவிடாமல் மூடி, ஒவ்வொரு சுற்றும் முந்தைய சுற்றின் பாதியை மறைக்குமாறு முழங்காலுக்குச் சற்றுக் கீழே முடிக்கவேண்டும். மேல் விளிம்பில் இறுக்கிவிட்டால் தேங்கும் ரத்தத்துக்கு அணை போட்டதாகும். நகக்கண் நீலம் பாரித்தாலோ, விரல் மரத்தாலோ, வலி கூடினாலோ யோசனையின்றி அவிழ்த்துவிடுக. கட்டிய காலோடு நடப்பதுதான் உத்தமம். உட்கார்ந்தே இருப்பவருக்குக் கட்டின் பலன் பாதியே.

புண் மூடிய பின்பும் சிகிச்சை முடிவதில்லை. ஸ்டாக்கிங் அணிவதை நிறுத்தியவர்களுக்குப் புண் திரும்புவது சகஜம். ஸ்டாக்கிங்கை மென்மையான சோப்பில் கையால் துவைத்து நிழலில் உலர்த்தவேண்டும். ஆறு மாதத்துக்கொருமுறை புதிது வாங்கவேண்டும். அச்செலவு ஒரு நெசவாளிக்குச் சிறிதல்ல என்பதால், காப்பீட்டிலும் அரசின் உதவியிலும் இதற்கு இடமளிக்கவேண்டும் என்பது என் உறுதியான அபிப்பிராயம்.

மார்பகப் புற்றுநோய்ச் சிகிச்சைக்குப் பின் கை வீங்கியவர்களுக்கும், யானைக்கால் நோயாளிகளுக்கும் இதே தத்துவம் உதவுகிறது. அரசு கொடுக்கும் மாத்திரை யானைக்காலின் கிருமியை ஒடுக்குமே தவிர, பருத்துவிட்ட காலை வற்றச் செய்யாது. அன்றாடம் கழுவித் துடைத்துக் கட்டுவதே அதற்கு வழி. பிரசவத்தில் மிகுந்த ரத்தம் போகும் தாய்க்கு, ஆஸ்பத்திரி சேரும்வரை உயிரைத் தாங்க, கால்களையும் வயிற்றையும் சுற்றி இறுக்கும் உடுப்பொன்றை உலக சுகாதார நிறுவனமும் 2012-இல் பரிந்துரைத்திருக்கிறது.

தறியில் இருப்பவர்களையும் அவர்கள் வீட்டாரையும் நான் வேண்டிக்கொள்வது இதுதான்: கணுக்காலில் தோல் கறுக்கத் தொடங்கியதுமே வைத்தியரிடம் காட்டுங்கள், தமனியைப் பரிசோதிக்கச் சொல்லிக் கேளுங்கள், ஒற்றைக் கால் மட்டும் திடீரென்று வீங்கிக் கெண்டை வலித்தால் உள்ளே ரத்தம் உறைந்திருக்கக்கூடுமாகையால், நீங்களாகக் கட்டாமல் அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.