உலர்த்தும் இயந்திரமும் வெப்ப அளவும்

ஆண்டிறுதி மழை தொடங்கிவிட்டால் லயத்துக் கொடியில் துணி காய்வது அரிது. ஆகவே, பள்ளிச் சீருடைகளை மூட்டையாகக் கட்டிக்கொண்டு பட்டணத்துச் சுயசேவைச் சலவைக் கடைக்குச் செல்லும் தோட்டத்துத் தாய்மார் இன்று பலர். அங்குள்ள உலர்த்தும் இயந்திரத்தில், விரைவில் காயட்டும் என்று எல்லாத் துணிகளையும் ‘ஹை’ என்னும் உச்ச வெப்பத்தில் இட்டுவிடுவோரும் உளர்.

ரப்பர்த் தாள்களைப் புகையறையில் உலர்த்தியவர்கள் இதன் பிழையை எளிதில் உணர்வர். தொடக்கத்திலேயே தீயை மிகுத்தால் தாளில் குமிழிகள் தோன்றித் தரம் குறைந்துவிடும் அன்றோ? துணிக்கும் அதற்குரிய சூடே ஏற்றது. மேலும், சூடு ஈரத்தை ஆவியாக்குகிறது. அந்த ஆவியை வெளியே கொண்டுசெல்வது காற்று. உருளையைத் துணியால் அடைத்துவிட்டாலோ, வடிகட்டியில் பஞ்சுத்தூசி படிந்திருந்தாலோ காற்றுக்கு வழியில்லை. பிறகு எவ்வளவு சூடேற்றினும் நடுவிலுள்ள துணி ஈரமாகவே இருக்கும்.

துவாலை, படுக்கை விரிப்பு போன்ற தடித்த பருத்தித் துணிகள் உயர் வெப்பத்தைத் தாங்கும். பாலியஸ்டர் கலந்த சீருடைகளுக்கு மிதமான வெப்பம் போதும். இடுப்பில் இழுபட்டி வைத்த ஆடைகளுக்குத் தாழ்ந்த வெப்பமே தகும். மிகுந்த சூட்டில் பட்டி தளர்ந்துவிடும். பட்டுப் புடவையை உள்ளே இடவே வேண்டாம்.

ஐயமிருப்பின் ஆடையின் உட்புறத்தில் தைத்துள்ள சீட்டைப் பாருங்கள். சதுரத்தினுள் வட்டம் இருந்தால் அது இயந்திர உலர்த்தலைக் குறிக்கும். வட்டத்தினுள் ஒரு புள்ளி எனில் 60 பாகை செல்சியஸ், இரு புள்ளிகள் எனில் 80 பாகை உச்ச அளவு. குறுக்கே கோடுகள் இட்டிருந்தால் இயந்திரத்தில் உலர்த்தலாகாது. இச்சீட்டைப் பாராமல் நான் உலர்த்திய பருத்திச் சட்டையொன்று இப்பொழுது என் மகனுக்குச் சரியாக இருக்கிறது.

சட்டை சுருங்குவது சிறு நட்டம், தீப்பற்றுவது அப்படியன்று. பெட்ரோல், தின்னர், இயந்திர எண்ணெய் பட்ட துணிகளை ஒருபோதும் உள்ளே இடாதீர். சமையல் எண்ணெய் ஊறிய துணியும் அத்தகையதே. துவைத்த பின்னரும் எஞ்சியுள்ள எண்ணெய், சூட்டில் காற்றுடன் கலந்து தானே வெப்பத்தை உண்டாக்கும். ரப்பர் நுரைத் தலையணைக்கும் இந்த ஆபத்து உண்டு.

சுழற்சியின் இறுதிச் சில நிமிடங்களில் இயந்திரம் சூடின்றிச் சுழல்வதைக் காணலாம். அது வீண் நேரமன்று. துணிகளை ஆறவைப்பதற்கே அவ்வாறு அமைத்துள்ளனர். பேருந்துக்கு நேரமாகி இடையில் நிறுத்த நேர்ந்தால், துணிகள் அனைத்தையும் உடனே வெளியே எடுத்து, மேசைமீது பரப்பி, சூடு தணிந்த பின்னரே மூட்டை கட்டுங்கள்.