உணவு வேளையில் விசுவாசம்

ஞாயிறு திருப்பலி, இரவில் செபமாலை, மாதா திருவிழாவுக்கு ஒரு மெழுகுவர்த்தி. இவற்றோடு நமது விசுவாசக் கடமை முடிந்துவிடுகிறதா?

புனித தேவசகாயம் பிள்ளையின் வாழ்க்கை இதற்கு விடை கூறுகிறது. அவர் குருவானவர் அல்லர், துறவியும் அல்லர். 1712இல் நட்டாலத்தில் பிறந்தவர், திருவிதாங்கூர் அரண்மனையில் பணிபுரிந்தவர், மணமானவர். 1745இல் வடக்கன்குளத்தில் ஞானஸ்நானம் பெற்றபின் சாதி பாராமல் எல்லாரோடும் சமமாகப் பழகினார். உயர்குலத்தார் பலருக்கு அது பொறுக்கவில்லை. சிறையில் பல துன்பங்களை அனுபவித்து, 1752 ஜனவரி 14இல் காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். 2022 மே 15இல் திருத்தந்தை பிரான்சிஸ் அவரைப் புனிதராக அறிவித்தார்.

இதைப் படித்தபோது எங்கள் மதிய உணவு வேளை என் நினைவுக்கு வந்தது. காரைக்கால் கடற்கரைக் குப்பத்திலிருந்து வரும் தோழி ஒருத்தியின் அருகில், மீன் வாடை என்று சொல்லி யாரும் உட்காருவதில்லை. நானும் உட்கார்ந்ததில்லை. ஆனால் உண்ணுமுன் சிலுவை அடையாளம் வரைய மட்டும் மறந்ததில்லை!

மறுநாள் சாப்பாட்டு டப்பாவுடன் அவளிடம் சென்றேன். இடம் எனக்கு வேண்டும் போலும் என்று எண்ணி அவள் எழுந்துவிட்டாள். வெட்கித் தலைகுனிந்தேன். “உட்கார், சேர்ந்து சாப்பிடுவோம்” என்றேன். வறுத்த மீன் ஒன்றை எடுத்து என் சோற்றில் வைத்தாள்.

அன்புத் தோழியரே! கோயிலில் முழந்தாளிடுவது எளிது. ஒதுக்கப்பட்டவளின் பக்கத்தில் உட்காருவதே கடினம். நமது விசுவாசத்திற்குப் பரீட்சை அங்கேதான் நடக்கிறது.

புனித தேவசகாயமே, எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்!