கடல் கொண்டுபோன பாத்திரங்கள்

ட்விச்சில் கேம் ஸ்ட்ரீம் பார்க்கிற ஆளா நீங்க? அப்போ கேஈகேடபிள்யூ என்ற எமோட்டை ஒரு தடவையாவது போட்டிருப்பீங்க. முன்பல் போன ஒருத்தர் கண்ணை இடுக்கிச் சிரிப்பாரே, அதேதான். நானும் செகண்ட் இயரிலிருந்து போட்டுட்டு இருக்கேன். அவருக்கு ஒரு பேர் இருக்குன்னு இந்தக் கட்டுரைக்காகத் தேடினப்போதான் தெரிஞ்சது.

ஹுவான் ஹோயா போர்ஹா. ஸ்பெயினின் செவில் நகரத்துக்காரர். 'எல் ரிசிதாஸ்' என்பது பட்டப்பெயர். ரிசா என்றால் சிரிப்பு. 2007-ல் ஹெசூஸ் கிந்தேரோவின் டிவி நிகழ்ச்சியில் பழைய வேலை அனுபவம் ஒன்றைச் சொன்னார். சிப்பியோனா என்ற கடலோர ஊரில், ஒரு ஹோட்டல் கிச்சனில் எடுபிடி வேலை. பாயெய்யா சோறு சமைக்கிற இருபது பெரிய தட்டைச் சட்டிகளைக் கழுவணும். ராத்திரி கடல்தண்ணியில் ஊறட்டும்னு விட்டுட்டுப் போனார். காலையில் வந்து பார்த்தால் ஒண்ணுதான் மிச்சம்! மீதியை அலை இழுத்துட்டுப் போயிருச்சு. இதைச் சொல்லி முடிக்கிறதுக்குள்ள சிரிப்பில் அவருக்கே மூச்சு முட்டும்.

2015-ல் இதே வீடியோவுக்கு யாரோ இங்கிலீஷ் சப்டைட்டில் போட்டாங்க: ஒரே ஒரு போர்ட் வெச்ச புது மேக்புக்கை டிசைன் பண்ணின இன்ஜினியரோட பேட்டியாம். உலகம் முழுக்கப் பரவிருச்சு. அப்புறம் ஆளாளுக்கு ஒரு வெர்ஷன். இந்த டெக்னிக்கே ஒருவகையில் ஸ்பானிஷ்காரங்களோடதுதான். 'டவுன்ஃபால்' படத்தில் ஹிட்லர் கத்துற சீனுக்குப் பொய் சப்டைட்டில் போட்ட ஆரம்பகால வீடியோ 2006-ல் ஸ்பானிஷில் வந்தது. ஃப்ளைட் சிமுலேட்டர் டெமோ சரியில்லைன்னு அதில் ஹிட்லர் புலம்புவார்.

இந்த மீமுக்கு எரிபொருளே நமக்கு மொழி தெரியாததுதான். வடிவேலு காமெடிக்கு யாராவது லேப்டாப் பத்திச் சப்டைட்டில் போட்டால் நம்மால் முழுசா சிரிக்க முடியுமா? காது ஒண்ணு கேட்கும், கண் ஒண்ணு படிக்கும். ஸ்பானிஷ் பேசறவங்களுக்கும் அதே சிக்கல். நிஜக் கதை காதில் விழுந்துட்டே இருக்குமே! (அவங்க சாட்டில் சிரிக்கிறதை 'ஜாஜாஜா' என்று படிச்சுடாதீங்க. அங்கே ஜே எழுத்துக்கு ஹ சத்தம்.)

2020-ல் அவருக்கு ஒரு காலை எடுக்க வேண்டி வந்தது. 2021 ஏப்ரல் 28 அன்று, 65 வயதில், செவிலிலேயே இறந்துபோனார்.

இன்னொரு தடவை அந்த வீடியோ கண்ணில் பட்டால் சப்டைட்டிலைக் கையால் மறைச்சுட்டுக் கேளுங்க. 'பாஎயேரா' என்று ஒரு சொல் வரும். அந்தச் சட்டியோட பேர் அதுதான்.